அரைச் சம்பளமும் பணமாலையும்

என் வீட்டுக்காரர் ஐயாவு திருடவில்லை என்று கோலசிலாங்கூர் கோர்ட்டில் தீர்ப்புச் சொன்ன அன்று, எங்கள் ஆத்துமேட்டுத் தோட்டத்து மாரியம்மன் கோயில் வாசலில் நான் ஒரு தேங்காய் உடைத்தேன். உடைத்த வேகத்தில் அது சிதறி, தோட்டத்துக் கணக்கெழுதும் கிராணி வீட்டுக் கோழிகளெல்லாம் கூச்சல் போட்டுக்கொண்டு ஓடின. கிராணியம்மா எட்டிப் பார்த்துத் திட்டினார். திட்டட்டும்! எண்பத்திரண்டில் தொடங்கிய பீடை எண்பத்துநாலில் ஒழிந்தது என்றால், ஒரு கோழியை மிதித்திருந்தாலும் எனக்குக் கவலையில்லை.

அவர் அரசாங்க லோரி ஓட்டுநர். சாலை வேலைக்குக் கல்லும் தாரும் ஏற்றிப் போகிற லோரி. எந்த அலுவலகம் என்று பெயர் சொல்ல மாட்டேன், ஒரு வழக்குப் பட்டதே இந்த ஜென்மத்துக்குப் போதும். அங்கே ஸ்டோரில் டீசல் பீப்பாய்கள் காணாமல் போய்விட்டன என்று இவர் மேல் பழி விழுந்தது. வழக்கு முடிகிற வரைக்கும் வேலைக்கு வரக்கூடாது, அரைச் சம்பளம்தான் என்று நிறுத்தி வைத்துவிட்டார்கள். கடைசியில் கோர்ட்டில் துருவித் துருவிக் கேட்டபோது, அந்தப் பீப்பாய்கள் ஸ்டோருக்கு வந்து சேரவே இல்லை என்று தெரிந்தது. வராத டீசலை ஒரு மனிதன் எப்படித் திருடுவான்? அது வந்துதான் சேர்ந்ததா என்று நான் முதல் நாளே கேட்டேன். நான் கேட்டால் வாயாடி, நீதிபதி கேட்டால் நியாயம்.

தொழிற்சங்கத்துக்காரர் எங்களுக்கு அன்றைக்கே விளக்கிச் சொன்னார். குற்றமில்லை என்று விடுதலையாகிவிட்டால் வேலை மட்டுமல்ல, இத்தனை நாள் பிடித்து வைத்த மீதி அரைச் சம்பளமும் திரும்பி வரவேண்டும், அது சட்டம் என்றார். எனக்கு அந்த வார்த்தை தேன் மாதிரி இனித்தது. காசுக்காக என்று நினைக்காதீர்கள். நான் ரப்பர் தோட்டத்தில் பால் மரம் வெட்டுகிறவள், என் உழைப்பில் எங்கள் லயத்து வரிசை வீட்டில் உலை கொதிக்காத நாள் கிடையாது. எனக்கு வேறு கணக்கு இருந்தது. வழக்கு நடந்த காலத்தில் ஒருநாள் தண்ணீர்க் குழாயடியில், பக்கத்து வீட்டுச் சின்னம்மா எல்லார் முன்னாலும் கேட்டாள்:

“அரைச் சம்பளம் குடுத்து வெளியில உக்கார வச்சிருக்காங்கன்னா, அரைக் கள்ளன்னுதான லா அர்த்தம்?”

குழாயடியே சிரித்தது. அன்றிலிருந்து தோட்டத்தில் அவருக்கு ‘அரை’ என்றே பெயர் விழுந்துவிட்டது. கடைக்குப் போனால் “என்னா அரை, சாமான் வேணுமா?” அவர் சாமான் வாங்காமலே திரும்பி வந்துவிடுவார். பிறகு கடைக்குப் போவதையே விட்டுவிட்டார். அதனால் எனக்கு அந்த மீதி அரை வந்தே தீரவேண்டும். வந்தால்தான் என் புருஷன் முழு மனுஷன்.

தீர்ப்புக்கு மறுநாள் அவர் குளித்து, வெள்ளைச் சட்டை போட்டு, மோட்டார் சைக்கிளை எடுத்துக்கொண்டு அலுவலகத்துக்குப் புறப்பட்டார். கையில் தீர்ப்பு நகல். இன்னொரு கையில், நான் பார்த்துவிட்டுத் தலையில் அடித்துக்கொண்டேன், சுவரில் மாட்டியிருந்த கண்ணாடிப் படம்!

“என்னாங்க, அது எதுக்கு?”

“காட்டத்தான். எங்க ஆளுங்க என்னை நம்புனாங்கன்னு அவங்களும் பாக்கட்டும்.”

அந்தப் படத்தின் கதையைச் சொல்லிவிடுகிறேன். முந்தின வருஷத் திருவிழாவில், ரதம் வைத்துக் கட்டுகிற தோட்டத்து லோரியை ஓட்டும் வீரனுக்கு அம்மை போட்டுவிட்டது. ரதம் புறப்படவேண்டிய அன்று ஓட்ட ஆளில்லை. கோயில் தலைவர் இருசப்பன் அண்ணன் நேராக எங்கள் வீட்டுக்கு வந்தார். அவர் தோட்டத்தில் ஆட்களை வேலை வாங்கி ஓய்வு பெற்ற மண்டோர், குரல் கொடுத்தால் அடுத்த தோட்டத்து நாய் குரைக்கும்.

“ஐயாவு, கெளம்பு. ரதத்த நீதான் ஓட்டணும்.”

இவர் பாயை விட்டு எழுந்திருக்கவில்லை. “ஊரே என்னைக் கள்ளன்னு சொல்லுது. ஆத்தா ரதத்துல நான் கை வைக்கலாமாண்ணே?”

“ஏன்டா, ஆத்தா ஒங்கிட்ட டீசல் கணக்கா கேக்கப் போறா? எந்திரிச்சு வாடா!”

சொல்லிவிட்டு லோரிச் சாவியை இவர் மடியில் எறிந்தார். இவர் ஓட்டினார் பாருங்கள், அப்படி ஓட்டினார்! குண்டும் குழியுமான செம்மண் ரோட்டில் ஆத்தா தலையிலிருந்த பூ ஒன்றுகூடக் கீழே விழவில்லை. ரதம் கோயிலுக்குத் திரும்பியதும் மேடையில் ஏற்றி இவருக்குப் பணமாலை போட்டார்கள். ஜிகினாவும் பிளாஸ்டிக் ரோஜாவும் கோத்து, சிவப்புப் பத்து வெள்ளி நோட்டுகளை வரிசையாகக் குத்தியிருக்கும் மாலை. பத்தாங் பெர்ஜுந்தையிலிருந்து வந்த படக்காரர் பளிச்சென்று ஒரு படம் பிடித்தார். பின்னால் லோரி, முன்னால் மாலையும் கழுத்துமாக என் வீட்டுக்காரர். அதைத்தான் சட்டம் போட்டு மாட்டி வைத்திருந்தார்.

அந்தப் படத்தைத் தூக்கிக்கொண்டு மாப்பிள்ளை மாதிரிப் போனவர், மத்தியானம் வெறுங்கையோடு வந்தார். வந்து கீழே உட்கார்ந்தார்.

“படம் எங்க?” என்றேன்.

“சேது சார் என் கேசு பைல்ல வச்சுக்கிட்டாரு.”

சேது அந்த அலுவலகத்தின் தலைமைக் குமாஸ்தா. ரவாங்கில் பிறந்து வளர்ந்த டவுன்காரர், நம்ம தமிழர்தான். அதுதான் கொடுமை. படத்தைப் பார்த்ததும் அவருக்கு முகமெல்லாம் பல்லாகிவிட்டதாம். “வேலையிலிருந்து நிறுத்தி வைத்த காலத்தில் அனுமதி இல்லாமல் வெளியில் சம்பளத்துக்கு வேலை பார்க்கக் கூடாது. நீ லோரி ஓட்டியிருக்கிறாய். கூலி கழுத்திலேயே தொங்குகிறது. மீதிச் சம்பளம் எனக்கு வேண்டாம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால் பேசாமல் வேலைக்கு வா. இல்லாவிட்டால் திங்கட்கிழமை ஷா ஆலாமிலிருந்து பெரிய அதிகாரி துவான் வருகிறார், அவர் விசாரிப்பார். உள்ள வேலையும் போகலாம்” என்றிருக்கிறார்.

“கூலியா? அந்த மாலை ஒங்க கழுத்துல ஒரு தும்மல் போடுற நேரமாவது இருந்துச்சா?”

“சொன்னேன். சிரிக்கிறாரு. நூறு வெள்ளிய மனுஷன் கழுத்துல போட்டுட்டு எவன்டா திருப்பி எடுப்பான்னு கேக்குறாரு.”

சேது சார் கேட்டதிலும் நியாயம் இருந்தது. எங்கள் தோட்டத்துப் பழக்கம் வெளியாளுக்கு எப்படித் தெரியும்? எங்களுடையது வசதியில்லாத கோயில். திருவிழாவுக்கு வருகிற மேனேஜருக்கும் பெரிய மனிதர்களுக்கும் பணமாலை போடாவிட்டால் கோயில் மானம் போகும், போட்டதை அவர்களிடமே விட்டால் கோயிலே போகும். அதனால் இருசப்பன் அண்ணன் ஒரு வழி வைத்திருந்தார். ஒரே மாலை. மேடையில் ஒருவர் கழுத்தில் விழும், படம் எடுப்பார்கள், அவர் கும்பிட்டு நிமிர்வதற்குள் மாலை அண்ணன் கைக்கு வந்துவிடும். அடுத்த ஆளுக்கும் அதே மாலை. பறிகொடுத்தவருக்குப் பறிபோனதே தெரியாது, அவ்வளவு பதமாக எடுப்பார். திருவிழா முடிந்ததும் அது கோயில் டிரங்குப் பெட்டிக்குள் போய்விடும். வருஷக்கணக்காக அதே மாலை, அதே நோட்டுகள்.

“போட்டுர்றேன் இராஜம்மா,” என்றார் இவர். “வேல கெடைச்சாப் போதும். எனக்கு அலுத்துப் போச்சு.”

எனக்கு உச்சந்தலை வரைக்கும் சூடு ஏறியது.

“போடுங்க! போட்டுட்டு வாங்க! சாகுற வரைக்கும் அரைக் கள்ளன்னு பேரு நெலச்சிரும். களவும் பண்ணல, கூலியும் வாங்கல, ரெண்டையும் பண்ணுனேன்னு கையெழுத்துப் போட்டுக் குடுங்க!”

சுவரில் படம் மாட்டியிருந்த இடம் மட்டும் சதுரமாக வெளுப்பாகத் தெரிந்தது. அவர் அதையே பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு அழுகை வந்தது, அதைவிட அதிகமாகக் கோபம் வந்தது. கோபத்தோடு இருசப்பன் அண்ணன் வீட்டுக்கு நடந்தேன்.

அவர் விஷயத்தைக் கேட்டுவிட்டு மீசையைத் தடவினார். “வந்து சொல்றது ஒண்ணும் பெரிசில்ல தங்கச்சி. ஆனா மாலையத் திருப்பி எடுத்துக்குவோம்னு கவர்மெண்டு ஆபீஸ்ல போயி எப்படிச் சொல்றது? நாளைக்கு மேனேஜர் காதுல விழுந்தா? கோயில் மானம் என்னாவுறது?”

“கோயில் மானம் போனா ஆத்தா பாத்துக்குவா. என் வீட்டுக்காரர் மானம் போனா யார் பாக்குறது? அவரா வந்து ரதம் ஓட்டுறேன்னு கேட்டாரு? சாவிய மடியில எறிஞ்சது யாரு?”

அண்ணன் துண்டை உதறித் தோளில் போட்டார். கடைசியில், வருகிறேன், மாலையையும் எடுத்து வருகிறேன் என்றார். என்ன சொல்லப் போகிறார் என்று மட்டும் சொல்லவில்லை.

திங்கட்கிழமை காலையில் மண்டோரிடம் லீவு சொல்லிவிட்டு, வீரனின் லோரியில் முன்னால் நெருக்கியடித்துக்கொண்டு கிளம்பினோம். அண்ணன் வெள்ளை வேட்டி, தோளில் துண்டு, மடியில் ஒரு துணிப்பை. பை ஜிகினாவில் சரசரத்தது. ஈஜோக் தாண்டியதும் மழை பிடித்துக்கொண்டது. வீரன் வேகத்தைக் குறைத்தான்.

“ஓட்டுலா! அம்மையிலேருந்து எந்திரிச்சவன் மாதிரியே ஓட்டுற!” என்று நான் சத்தம் போட்டேன். நேரத்துக்குப் போய்ச் சேர்ந்தோம்.

விசாரணை அறை வாசலில் சேது சார் என்னைத் தடுத்தார். “பொம்பளைங்களுக்கு இங்க என்னா வேல?” உள்ளேயிருந்து துவான் எட்டிப் பார்த்து, உட்காரட்டும் என்று கையைக் காட்டினார். வயதானவர், மூக்குக் கண்ணாடி, தலையில் சொங்கோக் தொப்பி, குரல் மெத்தென்று இருந்தது. மேசையில் பைல். அதன் மேல் எங்கள் வீட்டுப் படம்.

பேச்செல்லாம் மலாயில்தான் நடந்தது. உங்களுக்குத் தமிழில் சொல்கிறேன்.

சேது சார் படத்தைத் தூக்கிக் காட்டினார். இது லோரி, இது பணம், இது வேலை நிறுத்தி வைத்திருந்த காலம் என்று விரல் விட்டுச் சொன்னார். துவான் என் வீட்டுக்காரரிடம், “நீங்கள் லோரி ஓட்டினீர்களா?” என்றார். “ஓட்டினேன், துவான்.” “பணம் வாங்கினீர்களா?” “இல்லை, துவான்.” “அப்படியானால் கழுத்தில் இருப்பது என்ன?” இவர் அண்ணனைப் பார்த்தார்.

இருசப்பன் அண்ணன் எழுந்தார். தொண்டையைச் செருமினார். என்ன சொன்னார் தெரியுமா?

“துவான், எங்கள் கோயில் மாலைதான் அது. மரியாதைக்காக ஐயாவுக்குப் போட்டோம். ஐயாவு தங்கமான மனிதன். பெருந்தன்மையாக அந்த மாலையைக் கோயிலுக்கே நன்கொடையாகக் கொடுத்துவிட்டான்.”

அடப் பாவி மனுஷா! கோயில் மானத்தைக் காப்பாற்றப் போய் என் வீட்டுக்காரர் தலையில் கல்லைப் போட்டுவிட்டார்.

“அப்படியானால் முதலில் பணம் இவருக்குக் கிடைத்திருக்கிறது?” என்றார் துவான்.

“கிடைத்தது, துவான். பிறகு கொடுத்துவிட்டான்.”

“கிடைத்ததை அவர் யாருக்கு வேண்டுமானாலும் கொடுக்கலாம். கிடைத்தது கிடைத்ததுதான்.” துவான் பேனாவை எடுத்தார். சேது சார் கைக்குட்டையால் வாயைத் துடைக்கிற மாதிரிச் சிரிப்பை மறைத்தார்.

எனக்கு இருப்புக்கொள்ளவில்லை. எழுந்து நின்று, எனக்குத் தெரிந்த கடைவீதி மலாயில் கத்தினேன். “பொய், துவான்! என் வீட்டுக்காரர் கொடுக்கவும் இல்லை, அவருக்குக் கிடைக்கவும் இல்லை. இந்த மனுஷன் போட்ட கையோடு பிடுங்கிக்கொண்டார்! எல்லாரிடமும் அப்படித்தான் பிடுங்குவார்!”

அண்ணன் என்னை எரிப்பது போலப் பார்த்தார். துவானுக்கோ நம்பிக்கையில்லை. “மரியாதை செய்துவிட்டுப் பிடுங்குவார்களா? அம்மா, உங்கள் வருத்தம் புரிகிறது. ஆனால் நம்பும்படியாகச் சொல்லவேண்டும்” என்றார். சொல்லிவிட்டுப் பைலை மூடினார். நாற்காலியைப் பின்னால் தள்ளி எழுந்து நின்றார். முடிந்தது என்று நினைத்தேன். என் வீட்டுக்காரரின் கை என் பக்கம் வந்து என் கையைப் பிடித்தது. சில்லென்று இருந்தது. பத்துப் பேர் முன்னால் என் கையைப் பிடிக்கிற ஆளே இல்லை அவர்.

அப்போதுதான் அது நடந்தது.

பெரிய அதிகாரி எழுந்து நிற்கிறார். எதிரே இருசப்பன் அண்ணன். கையில் மாலை இருக்கிற பை. இத்தனை வருஷம் மேடையேறிப் பழகிய உடம்பு அது. அதிகாரி எழுந்தால் மாலை போடவேண்டும் என்பதைத் தவிர அதற்கு வேறெதுவும் தெரியாது. அண்ணன் யோசித்துச் செய்தார் என்று இன்றுவரை நான் நம்பவில்லை. கை பைக்குள் போனது, மாலை வெளியே வந்தது, ஜிகினா பளபளக்கத் துவான் கழுத்தில் விழுந்தது!

விசாரணை நடக்கிற இடத்தில், விசாரிக்கிற அதிகாரி கழுத்தில், வரிசையாகச் சிவப்பு நோட்டு! டீசல் வழக்கு போய் லஞ்ச வழக்கு வந்துவிட்டது, என் வீட்டுக்காரர் ஜெயிலுக்கே போகப் போகிறார் என்றே நினைத்தேன்.

“துவான்! லஞ்சம்! துவான், இது லஞ்சம்!” என்று சேது சார் மேசையைத் தட்டிக் கத்தினார்.

அவர் கத்தி முடிப்பதற்குள் மாலையைக் காணோம்.

ஆமாம்! துவான் என்னவென்று குனிந்து பார்த்து நிமிர்வதற்குள், அண்ணனின் இரண்டு விரல் அவர் பிடரிப் பக்கம் போனது. சொங்கோக்கில் உரசவில்லை, மூக்குக் கண்ணாடியில் படவில்லை. மாலை மேலே எழும்பி, மடிந்து, பைக்குள் போய்விட்டது. அண்ணன் பையை அக்குளில் இடுக்கிக்கொண்டு, வழக்கம் போலக் கும்பிட்டு நின்றார். பிறகுதான் தான் செய்தது அவருக்கே உறைத்தது. முகத்தில் ஈயாடவில்லை.

துவான் தன் கழுத்தைத் தடவிப் பார்த்தார். நெஞ்சைத் தடவிப் பார்த்தார். ஒன்றுமில்லை. சேது சாரைப் பார்த்து, “எங்கே லஞ்சம்?” என்றார்.

சேது சார் விரலை நீட்டியபடி நின்றார். எதைக் காட்டுவது?

துவானின் தோள் முதலில் குலுங்கியது. பிறகு வயிறு. பிறகு அந்த மெத்தென்ற குரலில் இப்படி ஒரு சிரிப்பு இருக்குமா என்று தோன்றுகிற அளவுக்குச் சிரித்தார். கண்ணாடியைக் கழற்றிக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

“சேது, நான் இப்போது ஆத்துமேட்டுத் தோட்டத்தில் எவ்வளவு சம்பாதித்தேன், சொல்லுங்கள்?”

சேது சார் நீட்டிய விரலை மடக்கினார். “ஒன்றுமில்லை, துவான்.”

“எனக்குக் கிடைத்ததா? நான் தானம் செய்தேனா?”

“இல்லை, துவான்.”

“இவருக்கும் அப்படித்தான் நடந்திருக்கிறது.” என் வீட்டுக்காரரைக் காட்டினார். பிறகு அண்ணனிடம் மாலையைக் கேட்டார். அண்ணன் அதை மேசையில் விரித்தார், ஆனாலும் ஒரு முனையைக் கையிலிருந்து விடவில்லை. நான் ஓடிப்போய் நடுவில் இருந்த நோட்டைத் தொட்டுக் காட்டினேன். எப்போதோ கற்பூரத் தட்டில் பட்டு ஓரம் கருகிய பத்து வெள்ளி. படத்தையும் பக்கத்தில் வைத்தேன். படத்திலும் அதே இடத்தில், என் வீட்டுக்காரர் நெஞ்சுக்கு நேராக, அதே கருகல்! துவான் இதையும் அதையும் மாறி மாறிப் பார்த்தார்.

“கூலியாகக் கொடுத்த பணம் கொடுத்தவர் பெட்டியிலேயே இருக்காது” என்றார். குரலில் சிரிப்புப் போய் அதிகாரம் வந்திருந்தது. “இவர் வெளியில் வேலை பார்க்கவில்லை, சாமி காரியம் செய்திருக்கிறார். கோர்ட்டு விடுதலை செய்துவிட்டது. பிடித்து வைத்த சம்பளம் முழுவதும் இவருக்குச் சேரவேண்டும். அப்படியே எழுதுகிறேன். சேது, நீங்கள்தான் அதைக் கவனித்து அனுப்பவேண்டும்.”

எனக்குக் கத்தவேண்டும் போல இருந்தது. ஆத்தா என்று வாய் வரைக்கும் வந்துவிட்டது. வாயைப் பொத்திக்கொண்டு என் வீட்டுக்காரரைப் பார்த்தேன். துள்ளிக் குதிப்பார் என்று எதிர்பார்த்தேன். அவர் மேசைப் பக்கம் ஒரு அடி வைத்து நின்றார். வழக்கு தொடங்கியதிலிருந்து எந்த அதிகாரியிடமும் கேட்ட கேள்விக்கு மேல் ஒரு வார்த்தை பேசாத மனிதர், வாயைத் திறந்தார்.

“துவான், அந்தப் படம் எனக்குத் திரும்ப வேண்டும்.”

துவான் படத்தை எடுத்தார். அதுவரைக்கும் எல்லாரும் அதில் பணத்தைத்தான் பார்த்திருந்தார்கள். இப்போது அவர் முகத்தைப் பார்த்தார். “மாலை போடும்போது ஏன் அழுகிறீர்கள்?” என்று கேட்டார்.

“இரண்டு வருஷத்தில் அன்றைக்கு ஒருநாள்தான், துவான், என்னை நம்பி ஒருவர் கையில் சாவி கொடுத்தார்.”

இருசப்பன் அண்ணன் துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். துவான் எழுந்து, மேசையைச் சுற்றி வந்து, படத்தை இரண்டு கையாலும் இவரிடம் கொடுத்தார். சேது சாரும் எழுந்து நின்றார். அவருக்குத் துவான் எழுந்ததால் எழவேண்டியதாகிவிட்டது, இருந்தாலும் நின்றார்.

திரும்பி வரும்போது மழை விட்டிருந்தது. லோரிக்குப் பக்கத்தில் வந்ததும் வீரன் என்ன ஆச்சு என்று கேட்கவில்லை. எங்கள் முகத்தைப் பார்த்தான். சாவியை எடுத்து என் வீட்டுக்காரரிடம் நீட்டினான்.

“நீங்க ஓட்டுங்கண்ணே.”

இவர் ஓட்டினார். மடியில் படத்தை வைத்துக்கொண்டு நான், பையை அணைத்துக்கொண்டு அண்ணன். பத்தாங் பெர்ஜுந்தைக் கடைத்தெரு முழுக்க ஹாரன் அடித்துக்கொண்டே வந்தோம். அண்ணன் என்னிடம் மட்டும் மெதுவாக, “பிடுங்குவேன்னு சொல்லிட்டியே தங்கச்சி” என்று முணுமுணுத்தார். “பிடுங்கித்தான காட்டுனீங்க” என்றேன். அவரும் சிரித்துவிட்டார்.

சம்பளம் வந்து சேர இன்னும் கொஞ்ச காலம் ஆனது. அரசாங்கம் பிடிக்கிறபோது இருக்கிற வேகம் கொடுக்கிறபோது இருக்காது. ஆனால் வந்தது, முழுசாக வந்தது. அன்று குழாயடியில் சின்னம்மா தானாகவே வழிவிட்டு நின்றாள்.

“முழுசாவே வந்துருச்சாமே, இராஜம்மா?”

“வந்துருச்சு. ஆளும் முழு ஆளு, சம்பளமும் முழுச் சம்பளம்.” குழாயடி முழுக்கக் கேட்கட்டும் என்று சத்தமாகவே சொன்னேன். அதற்குப் பிறகு ‘அரை’ என்று கூப்பிட ஒருத்தருக்கும் வாய் வரவில்லை.

அடுத்த திருவிழாவுக்கு வீரன் நன்றாகத்தான் இருந்தான். இருந்தும் ரதத்தை என் வீட்டுக்காரர்தான் ஓட்டவேண்டும் என்று தோட்டமே சொல்லிவிட்டது. சம்பளம் வந்த கையோடு கோயிலுக்கு ஒரு புதுப் பத்து வெள்ளி கொண்டுபோனார், மாலையில் கருகிய நோட்டை எடுத்துவிட்டு இதைக் குத்துங்கள் என்று. இருசப்பன் அண்ணன் புது நோட்டை உண்டியலில் போட்டார். கருகியதைத் தொட விடவில்லை.

“சாட்சி சொன்ன நோட்டுடா அது. கெடக்கட்டும்.”

மேடையில் மாலை விழுந்தது. படக்காரர் பளிச்சென்று பிடித்தார். கூட்டம் அண்ணனின் கையைப் பார்த்துக் காத்திருந்தது. அன்றைக்குப் பார்த்து அந்தக் கை நகரவேயில்லை. கையைக் கட்டிக்கொண்டு நின்றார். என் வீட்டுக்காரர் கும்பிட்டு நிமிர்ந்தார், மாலை இன்னும் கழுத்தில் இருந்தது. இந்தப் பக்கம் பார்த்தார், அந்தப் பக்கம் பார்த்தார், அவருக்கு வியர்த்துவிட்டது.

“எடுங்கண்ணே! சீக்கிரம் எடுங்க! ஆபீசுக்குத் தெரிஞ்சா இன்னொரு கேசு வந்துரும்!”

தோட்டமே வயிறு வலிக்கச் சிரித்தது. அவரும் சிரித்தார். அதையும் படக்காரர் பிடித்துவிட்டார். இப்போது எங்கள் சுவரில் இரண்டு படம் இருக்கிறது. ஒன்றில் அழுகிறார், ஒன்றில் சிரிக்கிறார், மாலை மட்டும் ஒன்றுதான்.